பன்றிக்குத் தீனி போடும் நேரம்

காலைச் செய்திக்கு இன்னும் ஒரு நிமிடம்தான் இருக்கிறது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், கருவிகளைக் கவனிக்கும் ஃபெலேத்தி கையை ஆட்டு ஆட்டென்று ஆட்டுகிறான். லூசியானே அம்மாளோ எழுந்து நின்று, இடுப்பில் சுற்றிய பாய்க்குக் கயிறு கட்டிக்கொண்டிருக்கிறார். சாவகாசமாக ஒரு முடிச்சு. அதை இழுத்துப் பார்த்துவிட்டு இன்னொரு முடிச்சு. சர்ச்சுக்கும் சாவு வீட்டுக்கும் பெரிய மனிதர்களைப் பார்க்கவும் போகிறவர்கள் கட்டுகிற பாய் அது. ரேடியோவில் இதை யார் பார்க்கப்போகிறார்கள் என்று ஃபெலேத்தி ஒருமுறை கேட்டுவிட்டான். "செத்தவங்க பேரை வாசிக்கப் போறேன்டா. பாய் கட்டாம வாசிக்கறதும் சட்டை போடாம வாசிக்கறதும் ஒண்ணு. சட்டை போடாம வாசிக்கட்டுமா?" என்றார். 

மேலே இவ்வளவு மரியாதை. கீழே செருப்பு கிடையாது. இரண்டையும் மேசைக்கடியில் உதறிவிட்டு வெறுங்காலைக் குளிர்ந்த தரையில் பரப்பினால்தான் அவருக்குக் குரல் எழும்பும். கனத்த உடம்பு. பழைய நாற்காலி உடைந்துபோய், இப்போது உட்காருவது மரத்தச்சனிடம் சொல்லிச் செய்தது. கைப்பையில் வேதாகமம், பேட்டரிக் கட்டைகள், பழுத்த மாம்பழம், தேங்காய்ப்பாலில் வெந்து வாழையிலையில் பொதிந்த சேப்பங்கீரையும் டின் இறைச்சியும். பாட்டு ஓடும் இடைவெளியில் அந்தப் பொதி பிரியும். கருவிப் பலகையில் தேங்காய்ப்பால் சொட்டியதால் நிலையம் ஒருநாள் ஊமையாகியிருக்கிறது. ஈரக்காற்றால் வந்த கோளாறு என்று ஃபெலேத்திதான் பழியைக் காற்றின் தலையில் போட்டுக் காப்பாற்றினான்.

தலைநகர் நுக்குவாலோஃபாவின் துறைமுகத்துக்குப் பின்னால் இருக்கும் அந்தச் சின்ன நிலையத்திலிருந்து லூசியானேயின் குரல் எல்லாத் தீவுகளுக்கும் போகிறது. முதலில் மரண அறிவிப்பு, பிறகு செய்தி, பிறகு காற்றும் கடலும், கடைசியில் படகு நேரம். சில ஊர்களில் மந்திரி பேசியதை முதலில் சொல்லிவிட்டு, செத்தவர்களைக் கடைசியில் தள்ளிவிடுவார்களாம். என்ன ஊரோ! யார் போனார்கள் என்று தெரியாமல் மந்திரி பேச்சைக் கேட்டு என்ன ஆகப்போகிறது?

அவர் இந்தத் தொழிலுக்கு வந்ததே ஒரு மரண அறிவிப்பால்தான். இருபது வயதில், இறந்துபோன தகப்பனாரின் அறிவிப்பை எழுதிக்கொடுத்துவிட்டு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். உள்ளே வாசித்தவர் பிள்ளைகளின் வரிசையை மாற்றிச் சொல்ல, இந்தப் பெண் கதவைத் தள்ளிக்கொண்டு போய்த் தாளைப் பிடுங்கிக்கொண்டாள். "இங்க குடுங்க" என்று ஒரு பெண்குரலும், பின்னாலேயே ஒரு நாற்காலி விழும் சத்தமும் நாடு முழுக்கக் கேட்டன. அறிவிப்பு முதலிலிருந்து, சரியான வரிசையில், கணீரென்று வந்தது. அடுத்த வாரமே வேலைக்கு வரச் சொல்லிவிட்டார்கள்.

பேட்டி காணுவதில் அவருக்கென்று ஒரு வழி உண்டு. எவ்வளவு பெரிய அதிகாரியாக இருந்தாலும் முதல் கேள்வி, "உங்க அம்மா நல்லாருக்காங்களா?" இதைக் கேட்டதுமே எதிரே இருப்பவருக்கு வேர்க்க ஆரம்பித்துவிடும். அடுத்து உடைந்த பாலமோ, காணாமல்போன சிமெண்டோ வரப்போகிறது என்று அந்த அதிகாரிக்குத் தெரியும். அவர் என்ன சமாளித்தாலும் லூசியானே மறுத்துப் பேசமாட்டார். மைக்கைக் கொஞ்சம் கிட்டே நகர்த்தி, "அப்புறம்?" என்பார். சிறிது நேரம் சும்மா இருந்துவிட்டு, மறுபடி "அப்புறம்?" மூன்றாவது அப்புறத்தைத் தாங்கியவர் இந்த நாட்டில் இல்லை.

மைக்கை மட்டும் யாருக்கும் விட்டுத்தர மாட்டார். காய்ச்சலோடு வாசித்திருக்கிறார், பல் பிடுங்கிய கன்னத்தோடு வாசித்திருக்கிறார். புயல் நிலையத்தின் கூரையைத் தூக்கிக்கொண்டு போன அன்று, மேசைக்கடியில் படுத்துக்கொண்டு வாசித்தார். ஃபெலேத்தி டார்ச்சைப் பல்லில் கடித்தபடி பக்கத்தில் குப்புறக் கிடந்தான். வவாவு தீவிலிருந்து வந்த தெலேசியா என்ற இளைய அறிவிப்பாளர் ஆறு வருடமாக நிலையத்தில் இருக்கிறாள். நல்ல குரல். அவளுக்குக் கிடைத்ததெல்லாம் கோதுமை மாவு விளம்பரமும் டின் மீன் விளம்பரமும்தான். அவள் காதுபடவே, "பஸ்ஸு கிளம்பிடுச்சேன்னு ஓடறவ மாதிரி வாசிக்கிறா" என்பார் லூசியானே. தெலேசியா உதட்டைச் சுழித்துக்கொண்டு டின் மீனை வாசிப்பாள்.

லூசியானேக்கு ஒரே தம்பி, பெனிசிமானி. மீன் பிடிக்கிறவர். வேலிக்கு அந்தப் பக்கம் வீடு. சின்ன வயதில் இருவரும் ஒரே பாயில் உருண்டு சண்டை போட்டவர்கள்தான். தம்பிக்கு மீசை அரும்பியதும் அவருக்குத் தனிக் குடிசை கட்டிக்கொடுத்தார்கள். அன்றிலிருந்து, இந்த நாட்டு அக்கா தம்பிகள் எல்லாரையும் போல, ஒரே அறையில் உட்கார்ந்ததில்லை. அக்கா உள்ளே வந்தால் தம்பி எழுந்து வெளியே போய்விடுவார். சொல்ல வேண்டியதை வாசலில் நின்று, தரையைப் பார்த்துச் சொல்லுவார். உடம்பைப் பற்றியோ, ஆண் பெண் விஷயமோ இருவர் காதிலும் சேர்ந்து விழவே கூடாது. மரியாதை. கோபதாபம் ஒன்றுமில்லை. சொல்லப்போனால் அக்கா கேட்டால் தம்பி படகையே அவிழ்த்துக் கொடுப்பார்.

ஆனால் ரேடியோ இருக்கிறதே! தினமும் காலையில் பெனிசிமானி அடுக்களையில் உட்கார்ந்து அக்காவின் குரலை முழுசாகக் கேட்பார். கடல் அவருக்கு உள்ளங்கை. இருந்தாலும் அக்கா காற்று நிலவரம் சொன்ன பிறகுதான் படகைத் தள்ளுவார். அது அக்காவுக்கும் தெரியும். அதனால் காற்று நிலவரத்தை மட்டும் ஒவ்வொரு சொல்லாக, சோறூட்டுகிற மாதிரி வாசிப்பார். "முப்பது வருஷமா நான் என் தம்பிகூடத்தான் பேசிட்டிருக்கேன். நடுவுல ஊரே ஒட்டுக்கேக்குது, அவ்வளவுதான்" என்று ஃபெலேத்தியிடம் சொல்லிச் சிரிப்பார்.

போன ஜூலையில் ஒரு மத்தியானம், தம்பி மனைவி செய்னியும் அவரும் எதிரெதிரே உட்கார்ந்து பாய் பின்னிக்கொண்டிருந்தார்கள். செய்னி ஓலையைக் கீழே வைத்தார். லூசியானேயின் கையைப் பிடித்துத் தன் இடப்பக்க மார்பில் வைத்தார். விரலுக்குக் கீழே ஒரு சின்னக் கொட்டை தட்டுப்பட்டது.

லூசியானே மடியிலிருந்த ஓலையைத் தள்ளிவிட்டு எழுந்தார். எழுந்திரு, இப்போதே ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றார். செய்னி அசையவில்லை.

"கிறிஸ்துமஸுக்குப் பொண்ணு ஆக்லாந்துலேருந்து வர்றா அண்ணி. அவ சந்தோஷமா வந்துட்டுப் போகட்டும். அப்புறம் பாத்துக்கலாம்."

"அவன்கிட்ட சொன்னியா?"

"அவரு கடல்ல நிக்கிற மனுஷர். இதைக் கேட்டா கை நடுங்கும். நீங்களும் யார்கிட்டயும் மூச்சு விடக்கூடாது. சத்தியம் பண்ணுங்க."

வேதாகமத்தின் மேல் கையை வைக்கச் சொல்லி வாங்கிவிட்டார் செய்னி. போதகரின் மனைவியிடம் சொன்னால் காரியம் நடக்கும், ஊருக்கும் தெரிந்துபோகும். தம்பியிடம் சொல்லலாம் என்றால், சத்தியம் இல்லாவிட்டாலும் எந்த வார்த்தையில் ஆரம்பிப்பது? தம்பி முன்னால் அக்கா வாயிலிருந்து வரவே கூடாத வார்த்தை அது. வார்த்தையை வைத்தே பிழைக்கிற பெண்மணிக்கு வேலிக்கு அந்தப் பக்கம் அனுப்ப ஒரு வார்த்தை கிடைக்கவில்லை. அன்று இரவு அவர் அழுதார்.

அழுது முடித்ததும் மூளை வேலை செய்தது. ஆஸ்பத்திரி நர்சுகள் வெகுநாளாகக் கேட்டுக்கொண்டிருந்தார்கள், பெண்கள் உடல்நலம் பற்றி ஏதாவது பேசுங்களேன் என்று. சரி, பேசுவோம். ஊருக்குப் பேசினால் சத்தியமும் கெடாது, செய்னி காதிலும் விழும். செய்திக்குப் பிறகு, படகு நேரத்துக்கு முன்னால், எல்லாரும் ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்திருக்கும் நேரமாகப் பார்த்து வைத்தார்.

அங்கேதான் சறுக்கினார். எல்லாரும் என்றால் எல்லாரும்தானே! உள்ளே அக்கா தங்கைகளும் வாசல் திண்ணையில் அண்ணன் தம்பிகளுமாக அத்தனை பேரும் மரவள்ளிக்கிழங்கைப் பிய்த்துத் தின்றுகொண்டிருந்த நேரத்தில், லூசியானே தெளிவான குரலில் "மார்பு" என்றார். அவ்வளவுதான். ஒவ்வொரு வீட்டிலும் ஆண்கள் திண்ணையிலிருந்து பாய்ந்து வெளியே ஓடினார்கள். பெண்கள் ரேடியோமேல் பாய்ந்து குமிழைத் திருகினார்கள். நாட்டில் அத்தனை ரேடியோவும் ஒரே மூச்சில் அணைந்தன. வெட்கத்தில் மறுபடி போடுவதற்கு யாருக்கும் தோன்றவில்லை.

அன்றைக்குப் பார்த்துப் படகு நேரம் மாறியிருந்தது. காற்று கிளம்புகிறது என்று, மாலையில் போகவேண்டிய வவாவு படகு காலை பத்து மணிக்கே கிளம்பியது. லூசியானே அதை இரண்டு தடவை வாசித்தார். கேட்கத்தான் ஆளில்லை. மாலையில் நான்கு ஊர்ப் பாடகர் குழுக்களும் வவாவில் நடக்கும் பாட்டுப் போட்டிக்காகச் சுட்ட பன்றி, பாய் மூட்டை, பித்தளைக் குழல்கள் சகிதம் துறைமுகத்தில் வந்து இறங்கினார்கள். படகு சிமெண்ட் மூட்டைகளையும் இரண்டு ஆடுகளையும் ஏற்றிக்கொண்டு எப்போதோ போய்விட்டிருந்தது.

கூட்டம் நேரே நிலையத்துக்கு வந்து புல்தரையில் உட்கார்ந்தது. நம் ஆட்கள் கோபம் வந்தால் கத்தமாட்டார்கள், பாடுவார்கள். ஜன்னலைப் பார்த்து உட்கார்ந்துகொண்டு, போட்டிக்குத் தயார் செய்த பாட்டையெல்லாம் ஒன்றுவிடாமல் பாடித் தீர்த்தார்கள். வேறு யாராவது என்றால் பின்பக்கமாக நழுவியிருப்பார். லூசியானே ஜன்னலைத் திறந்து மன்னிப்புக் கேட்டார். கேட்ட கையோடு மைக்கை வெளியே நீட்டி, "வந்தது வந்தீங்க, கொஞ்சம் நெருங்கி உக்காந்து பாடுங்க. வவாவுக்குக் கேக்கட்டும்" என்றார். அங்கே நடுவர்கள் ரேடியோவில் கேட்டு மதிப்பெண் போட்டு, இரண்டாம் பரிசு கொடுத்ததாகச் செய்தி வந்தது. பாதிக் கோபம் அதில் கரைந்தது.

மேலாளருக்குக் கரையவில்லை. இனிமேல் மார்பும் வேண்டாம், மண்ணாங்கட்டியும் வேண்டாம் என்று அவர் குதித்தார். லூசியானே எதிரே உட்கார்ந்து, அவருடைய அம்மா நலமா என்று விசாரித்தார். நலம்தான் என்றார் மேலாளர். அம்மாவுக்கு மார்பில் கட்டி வந்தால் என்ன செய்வதென்று யார் சொல்லி அம்மாவுக்குத் தெரியும் என்று அடுத்துக் கேட்டார். மேலாளர் ஏதேதோ சொன்னார். "அப்புறம்?" என்றார் இவர். இரண்டாவது அப்புறத்திலேயே மேலாளர் இறங்கி வந்துவிட்டார். நிகழ்ச்சி இருக்கட்டும், ஆனால் படகைத் தவறவிடக் கூடாது.

மறுநாள் காலை செய்தி முடிந்ததும் ரேடியோவில் இப்படி வந்தது: "ஆம்பளைங்க எல்லாரும் கேளுங்க. உங்க பன்றிங்க பசியில நிக்குதுங்க. போய்த் தீனி போடுங்க. படகு நேரம் சொல்லும்போது நானே கூப்பிடறேன்." சொன்னபடியே, பேச்சு முடிந்ததும் மர உலக்கையால் மேசையில் டொக்கு டொக்கென்று தட்டினார். வேலியோரம் வாளியோடு நின்றவர்கள் எல்லாம் படகு நேரம் கேட்க உள்ளே வந்தார்கள். யாருக்கும் வெட்கமில்லை, யாருக்கும் மரியாதைக் குறைவில்லை. ஆஸ்பத்திரியில் பெண்கள் வரிசை வாசல்வரை வந்தது. ஊர்ப் பன்றிகளெல்லாம் ஒரு சுற்றுப் பெருத்துவிட்டன.

ஊருக்கெல்லாம் பலித்தது, பக்கத்து வீட்டுக்குப் பலிக்கவில்லை. மற்ற வீடுகளில் சில கணவன்மார் சுவரோரம் நின்று காதைத் தீட்டிக்கொண்டுதான் இருந்தார்கள். பெனிசிமானியால் அது முடியாது. வாளியைத் தூக்கிக்கொண்டு, கடற்கரையோரம் தனியாகக் கட்டியிருக்கும் பெரிய பன்றிவரை போவார். உலக்கைச் சத்தம் கேட்டால்தான் திரும்புவார். நாட்டிலேயே அந்தப் பேச்சைத் தனியாக இருந்தும்கூடக் கேட்கமுடியாத ஒரே ஆண் அவர்தான். ஏனென்றால் பேசுவது அவருடைய அக்கா. உள்ளே செய்னி மட்டும் தலையை ஆட்டிக்கொண்டு கேட்பார். "நல்லாப் பேசினீங்க அண்ணி. கிறிஸ்துமஸ் முடியட்டும்" என்பார். ஆகஸ்ட் போயிற்று. செப்டம்பரில் செய்னி இடது கையைத் தூக்கி ஓலை காயப்போடச் சிரமப்படுவதை லூசியானே வேலி வழியாகப் பார்த்தார்.

அடுத்த நாள் அவர் ஸ்டூடியோவுக்குள் வந்ததும் உடனே பாயை இடுப்பில் கட்டவில்லை. நாற்காலியைத் தெலேசியா பக்கம் இழுத்துப் போட்டு, ஒரு தாளை நீட்டினார். நாளைக் காலை மரண அறிவிப்பிலிருந்து இந்தப் பேச்சுவரை எல்லாம் நீதான் வாசிக்க வேண்டும் என்றார். ஃபெலேத்தி காதிலிருந்த கருவியைக் கழற்றிவிட்டான், சரியாகத்தான் கேட்டதா என்று.

"நானா? உடம்பு சரியில்லையாக்கா?"

"உடம்பு கல்லு மாதிரி இருக்கு. நீ வாசி."

"ஏங்க்கா, என்னாச்சு?"

"என் குரல் போகக் கூடாத காது ஒண்ணு இருக்குடி. உன் குரல் போகும். அதுக்குமேல கேக்காத, நான் சத்தியம் பண்ணிருக்கேன். மெதுவா வாசி. உன்னை நம்பித்தான் குடுக்கறேன்."

தெலேசியா தாளைப் படித்துவிட்டு நிமிர்ந்தாள். டின் மீன் வாசிக்கும்போது வரும் உதட்டுச் சுழிப்பு வரவில்லை. தாளை மடித்து வைத்துக்கொண்டாள்.

மறுநாள் காலை, முப்பது வருடத்தில் முதல்முறையாக, அந்த நேரத்தில் லூசியானே தன் அடுக்களையில் நின்றார். கை வேலை இல்லாமல் தவித்தது. பக்கத்து வீட்டு ரேடியோ வேலி தாண்டிக் கேட்டது. தெலேசியா மரண அறிவிப்பை வாசித்தாள். இரண்டு இடத்தில் மூச்சு விட்டது தப்பு என்று இவர் வாய்க்குள் முணுமுணுத்தார். செய்தி முடிந்தது. பழக்கம்போலப் பெனிசிமானி வாளியோடு முற்றத்தில் இறங்கினார்.

"இன்னிக்கு லூசியானே அக்கா நிலையத்துல இல்ல, நான் தெலேசியா பேசறேன்" என்றது ரேடியோ. "அக்கா தங்கச்சியோட இருக்கறவங்க பன்றியைப் போய்ப் பாருங்க. பெண்டாட்டியோட இருக்கறவங்க உக்காருங்க. இன்னிக்கு உங்ககிட்டதான் பேசணும்."

பெனிசிமானி நடு முற்றத்தில் நின்றார். பன்றிகள் காலைச் சுற்றிச் சுற்றிக் கத்தின. அவர் வேலிப்பக்கம் பார்த்தார். லூசியானே, அந்த உடம்போடு, வாழைமரத்துக்குப் பின்னால் குனிந்துகொண்டார். ஒரு வாழைமரம் அவரை எவ்வளவு மறைத்திருக்குமோ, ஆண்டவருக்கே வெளிச்சம். பெனிசிமானி வாளியைக் கீழே வைத்துவிட்டு உள்ளே போனார்.

"பொண்ணு வரட்டும்பாங்க. பண்டிகை முடியட்டும்பாங்க" என்று தெலேசியா நிறுத்தி நிறுத்தி வாசித்தாள். "கேட்டுக்காதீங்க. பயந்துக்கிட்டு மறைக்கிறாங்க. உங்க மேல இருக்கற பாசத்துல மறைக்கிறாங்க. இன்னிக்கே கேளுங்க. நாளைக்கே கூட்டிட்டுப் போங்க. சின்னதா இருக்கும்போது காட்டினா டாக்டரால செய்யறதுக்கு நிறைய இருக்கு."

ரேடியோ அணையவில்லை. பேச்சு முடிந்தது, படகு நேரம் முடிந்தது, பாட்டு ஆரம்பித்தது. பன்றிகள் வாளியைக் கவிழ்த்துத் தின்று தீர்த்தன. உள்ளேயிருந்து ஒருவரும் வரவில்லை. அன்று பெனிசிமானியின் படகு கரையிலேயே கிடந்தது.

அதற்கு மேல் கேட்க லூசியானேக்கு வழியில்லை. செய்னி பாய் பின்னவும் வரவில்லை. நம்மால் அங்கே ஏதாவது சண்டை வந்துவிட்டதோ, சத்தியத்தை மீறியதாக நினைத்துவிட்டாளோ என்று வேலிப்பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். வேலைக்கு மட்டும் வழக்கம்போல் போனார்.

வாரம் ஒருமுறை பிறப்பு இறப்பு விவரம் வாங்க ஆஸ்பத்திரிக்குப் போவது அவர் வழக்கம். அந்த வாரமும் போனார். குறுகலான தாழ்வாரத்தில் தலைமை நர்சை நிறுத்தி, ரெக்கார்டரைத் தோளில் மாட்டி, மைக்கை நீட்டிப் பேட்டி எடுத்துக்கொண்டிருந்தார். வெளியே ஒரு பழைய லாரி வந்து நின்றது. பெனிசிமானி இறங்கினார். ஞாயிற்றுக்கிழமைச் சட்டை, எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை. சுற்றிப் போய்க் கதவைத் திறந்து செய்னியை இறக்கினார். மனைவியின் கைப்பையைத் தானே வாங்கிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். இருவரும் படியேறித் தாழ்வாரத்துக்குள் வந்தார்கள்.

 லூசியானேக்கு ஓடிப்போய் செய்னியைக் கட்டிக்கொள்ளத் தோன்றியது. ஆனால் பின்னால் வருவது தம்பி. போவது எங்கே, எதற்கு என்று அக்காவுக்குத் தெரியும் என்பது தம்பிக்குத் தெரியக் கூடாது. தாழ்வாரத்திலோ ஒதுங்க இடமில்லை. அவர் நர்சின் பேச்சைப் பாதியில் விட்டு ரெக்கார்டரை நிறுத்தினார். அப்படியே சுவர்ப்பக்கம் திரும்பி, பல் துலக்குவது எப்படி என்று குழந்தைகளுக்காக ஒட்டியிருந்த படத்தை மூக்கு இடிக்கிற கிட்டத்தில் பார்த்தபடி, முதுகுக்குப் பின்னால் இரண்டு பேர் காலடியும் கடந்து, டாக்டர் அறைக் கதவு சாத்துகிற சத்தம் கேட்கும்வரை அசையாமல் நின்றார்.